ஏழாம் மலைப் பறவையின் இடது கண்

பறவையின் இடது கண்ணில் மஞ்சள் பூசிக் குங்குமம் வைத்தது தமயந்திதான். முந்தின நாள் ஆயுத பூஜை. காமிராவுக்கு வைத்தார்கள், கிரேனுக்கு வைத்தார்கள், லைட் ஒவ்வொன்றுக்கும் வைத்தார்கள், ஜெனரேட்டர் வண்டிக்கு இரண்டு பக்கமும் வாழைக்கன்றே கட்டினார்கள். பொரித் தட்டோடு வந்த டீக்கார எத்திராஜ் மஞ்சள் கிண்ணத்தை அவள் பக்கமும் நீட்டினார்.

"உன் ஆயுதத்துக்கும் வை தமயந்தி. அது மட்டும் இன்னா பாவம் பண்ணுச்சு?"

அவளுடைய ஆயுதம் ஒரு முழக் குச்சி. நுனியில் பச்சை நிறத்தில் ஒரு டென்னிஸ் பந்து. மூன்று விரலால் பட்டையாக மஞ்சள் இழுத்து, நடுவில் அழுத்தமாகப் பொட்டு வைத்து, கண்ணை மூடிக் கும்பிட்டுவிட்டு ஜீவனஹள்ளி வீட்டுக்கு பஸ் ஏறிவிட்டாள்.

விஜயதசமிக் காலை ஏழு மணிக்கு வந்து பந்தைப் பார்த்தபோதுதான் உறைத்தது. பச்சைப் பந்தில் பாதி மஞ்சளாக இருந்தது.

படத்தின் கதை எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஏழாம் மலை உச்சியில் மலையளவு பெரிய பறவை ஒன்று உட்கார்ந்திருக்கும். தும்பி என்ற சின்னப் பெண் ஏறிப் போய் அதோடு சிநேகமாவாள். பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் மூன்று தலைமுறையாகப் படித்த புத்தகம். இப்போது நிஜ மனிதர்களை வைத்து சினிமாவாக எடுக்கிறார்கள். மலையை மட்டும் ஒயிட்ஃபீல்டைத் தாண்டி ஒரு பழைய கிடங்குக்குள் நாற்பதடி உயரத்துக்குக் கட்டியிருந்தார்கள். பறவையைப் பிறகு கம்ப்யூட்டரில் செய்வார்கள். அதுவரைக்கும் தும்பியாக நடிக்கும் பாப்பா எதைப் பார்த்துப் பேசும்? அதற்குத்தான் பந்து. பறவையின் இடது கண் எங்கே வருமோ அங்கே, உச்சியில் போட்ட மரப்பெட்டி மேல் ஏறி, உச்சந்தலை முதல் பாதம் வரை பச்சை உடுப்பு மாட்டிக்கொண்டு, கன்னத்திலிருந்து ஒரு ஜாண் தள்ளிப் பந்தைப் பிடித்தபடி தமயந்தி நிற்பாள். பச்சையாக இருப்பதையெல்லாம் கம்ப்யூட்டர் அழித்துவிடும். பச்சை இல்லாதது அப்படியே நிற்கும். இவ்வளவுதான் அவளுக்கு விளங்கியிருந்தது.

அப்படியானால் உலகமே பார்க்கப்போகும் பறவையின் கண்ணில் அவள் இழுத்த மூன்று பட்டையும் அப்படியே நிற்கும்.

இரண்டு மாதத்துக்கு முன்னால் அவள் இங்கே கூட்டிப் பெருக்கத்தான் வந்தாள். முதல் நாள் விளக்கைப் போட்டார்கள். இருட்டுக்குள்ளிருந்து மலை எழுந்து வந்தது. பாறையில் பாசி, பாசியில் பனித்துளி, அடியில் மெஷின் விட்ட மூடுபனி. அவள் துடைப்பத்தை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றுவிட்டாள். பிளாஸ்டரும் பெயின்ட்டும் என்று தெரிந்தும் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் கிட்டே போனாள். பந்து பிடிக்கிற பையனுக்கு டெங்கு வந்தபோது, "அந்தக்கா உயரம் சரியா இருக்கும், இன்னைக்கு ஒரு நாள் நிக்கட்டும்" என்று அவளைப் பெட்டிமேல் ஏற்றினார்கள். பையன் தேறி வந்த பிறகும் இறங்கச் சொல்லவில்லை. ஏன் என்று அவளும் கேட்கவில்லை. கேட்டால் ஞாபகம் வந்து இறக்கிவிட்டால்?

இறக்கிவிடக் கூடாது. இன்றைக்கு மட்டும் கூடவே கூடாது. இன்றைக்குத்தான் கடைசிக் காட்சி.

கதை எல்லாருக்கும் தெரியும் என்றதில் தமயந்தி மட்டும் சேர்த்தி இல்லை. கோலார் தங்கவயலில் ஏழாவது படிக்கும்போது, வெள்ளிக்கிழமை கடைசிப் பீரியடில் டீச்சர் வாரம் ஒரு அத்தியாயம் வாசிப்பார். இடி விழுந்தது, பறவை எழுந்திருக்கவில்லை. காடு தீப்பிடித்தது, எழுந்திருக்கவில்லை. ராஜா அம்பு விட்டான். சிறகில் ரத்தம் வடிய அப்படியே உட்கார்ந்திருந்தது. கடைசியில் தும்பி கேட்டாள்: "நீ ஏன் எழுந்திருக்கவே மாட்டேன் என்கிறாய்?" பறவை வாயைத் திறந்தது. மணி அடித்தது. அடுத்த வெள்ளிக்கிழமை அம்மா படுக்கையில் இருந்தாள். தமயந்தி தம்பிக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். அதற்கப்புறம் பள்ளிக்கூடமே இல்லை.

முப்பத்தெட்டு வருஷம். பறவைக்குக் கால் இல்லையோ? யாராவது சங்கிலி போட்டிருப்பார்களோ? சிவாஜி நகரில் ஒரு கடையில் அந்தப் புத்தகத்தைக் கையில்கூட எடுத்தாள். முன்பக்கத்துப் பறவை அவளையே பார்த்தது. வாங்காமல் வைத்துவிட்டு வந்தாள். பாதியில் நின்ற பறவை பேசித்தான் மீதியைக் கேட்க வேண்டும் என்று ஒரு பிடிவாதம். யூனிட்டில் யாரையாவது கேட்கலாம்தான். கேட்டால், இத்தனை நாள் நின்றவளுக்குக் கதையே தெரியாது என்று தெரிந்துபோகும்.

தவிர, கேட்க வாய் வராது. யார் முகத்தையும் நேராகப் பார்த்துப் பேச அவளுக்கு வராது. பேசுகிறவரின் செருப்பைப் பார்த்துத்தான் பதில் சொல்லுவாள். யூனிட்டில் அறுபது பேரையும் அவளுக்குச் செருப்பை வைத்துத்தான் அடையாளம் தெரியும்.

இப்போது யாரும் வரவில்லை. தமயந்தி குழாயடிக்கு ஓடினாள். துணி சோப்பைப் போட்டுப் பந்தைத் தேய்த்தாள்.

மஞ்சள் சிவப்பாகிவிட்டது.

மஞ்சள் பட்ட துணியில் சோப்புப் போட்டால் என்ன ஆகும் என்று அவளுக்குத் தெரியாதா? வாழ்நாளெல்லாம் துணி துவைத்தவள். பதற்றத்தில் மறந்துபோனது. இன்னும் தேய்த்தாள். இன்னும் சிவந்தது. குங்குமமும் கரைந்து அதோடு சேர்ந்துகொண்டது.

பின்னால் எத்திராஜின் ரப்பர் செருப்பு வந்து நின்றது. "இன்னா தமயந்தி, பறவைக்கு மெட்ராஸ் ஐயா?"

"அண்ணா, கத்தாதீங்கண்ணா. யாருக்கும் தெரியக் கூடாது."

"பச்சைத் துணி எதுனா சுத்திடு. மெட்ராஸ் ஐக்குக் கட்டுப் போட்ட மாதிரி." தன் ஜோக்குக்குத் தானே சிரித்துக்கொண்டு பால் பாத்திரத்தைத் தூக்கிப் போனார்.

அவர் விளையாட்டுக்குச் சொன்னார். அவள் பிடித்துக்கொண்டாள். பச்சைத் துணிக்கு எங்கே போவது? மலைக்குப் பின்னால் வானத்துக்காகக் கட்டுகிற பச்சைத் திரை, மடித்து மடித்து தரையில் அடுக்கி வைத்திருந்தது. அறுபதடித் திரை, அதில் ஒரு உள்ளங்கையளவு போனால் யாருக்குத் தெரியும்? கத்தரிக்கோல் எடுத்து, மடிப்பின் ஓரத்தைக் கிள்ளியெடுத்து ஒரு வட்டம் வெட்டினாள். துணி கனமாக இருந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு வெட்டியதில் ஒன்றுக்கு நாலு வட்டமாகக் கையில் வந்தன. 'நல்லதுதான், ஈரத்துக்கு நாலு சுற்றுச் சுற்றலாம்' என்று நினைத்தாளே தவிர, மேலே யோசிக்கவில்லை.

எட்டரைக்கு எல்லாரும் வந்தார்கள். ஒன்பதுக்குத் திரையைக் கயிற்றில் ஏற்றினார்கள். பச்சை வானம் சரசரவென்று மேலே போனது. அண்ணாந்து பார்த்த அறுபது பேரும் அப்படியே நின்றார்கள்.

வானத்தில் நாலு ஓட்டை. வரிசையாக, அளந்து வைத்தமாதிரி. எல்லாவற்றுக்கும் கீழே இருந்த ஓட்டை வழியாக, டீ ஆற்றிக்கொண்டிருந்த எத்திராஜின் முகம் தெரிந்தது.

"எலி!" என்று கத்தினார் பாலகுமார். அவர் உதவி டைரக்டர். நீல நிற ஷூ. யூனிட்டில் யாருக்கும் இல்லாத தொண்டை அவருக்கு.

"எலி ரவுண்டா கடிக்குமா சார்?" என்றார் எத்திராஜ், ஓட்டைக்குள்ளிருந்தே. எலிகளின் மேல் பழி விழுவதை அவரால் பொறுக்க முடியவில்லை போலிருந்தது. "எங்க ஏரியா நீலசந்திரா எலியே அப்படிக் கடிக்காது."

"நீங்க உள்ள போங்க எத்திராஜ்ணா! வானத்துல நிக்காதீங்க!"

பச்சை டேப் ஒட்ட முக்கால் மணி நேரமானது. தமயந்தி பெட்டிமேல் நின்று தன் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். சொல்லிவிடலாம். சொன்னால் இறக்கிவிடுவார்கள். சாயங்காலம் சொல்லலாம். பறவை பதில் சொன்ன பிறகு, மறு நிமிஷமே சொல்லிவிடலாம்.

"அக்கா, பந்து!"

இது பாலகுமார் ஒரு நாளைக்கு ஐம்பது தடவை போடுகிற கூப்பாடு. அவள் கொஞ்சம் அசந்தால் போதும், "அக்கா, பந்து!" உடனே அவள் பந்தைக் கன்னத்தருகே தூக்கி, அது சரியாக நிற்கிறதா என்று பார்த்து, பாப்பாவுக்குத் தெரிகிறதா என்று எதிரே பார்ப்பாள்.

இப்போதும் தூக்கினாள். பச்சைத் துணி சுற்றி ரப்பர் பேண்ட் போட்ட பந்து, தலைக்குக் குல்லா போட்ட மாதிரி இருந்தது. பாலகுமார் அதை நேராகப் பார்த்தார்.

"சரிக்கா, அப்படியே" என்றார். போய்விட்டார்.

அவளுக்கு நம்பவே முடியவில்லை. எலிக் கவலையில் கண் தெரியவில்லை, பாவம்.

தும்பியாக நடித்த வைஷ்ணவிக்கு ஏழு வயசு. மேலே இரண்டு முன்பல் கிடையாது. காமிரா ஓடாத நேரத்தில் கன்னடத்தில் சண்டை போடுவாள், தமிழில் தின்பாள். காமிரா ஓடினால் வேறு பிள்ளை. மலைச்சரிவில் வெறுங்காலோடு ஏறி வந்து, பெட்டிக்கு ஆறடி முன்னால் நின்று, மேலே பார்த்தாள் என்றால் அந்தக் கண்ணில் பறவை தெரியும். தமயந்திக்கு ஒவ்வொரு தடவையும் புல்லரிக்கும். தனக்குப் பின்னால் நிஜமாகவே ஏதோ சிறகு விரிக்கிறது என்று தோன்றும். திரும்பிப் பார்க்கக் கழுத்து துடிக்கும்.

பறவையின் வசனத்தைக் காகிதத்தைப் பார்த்துப் படிப்பது பாலகுமாரின் வேலை. படிப்பு என்றால் ரேஷன் கடையில் பெயர் கூப்பிடுகிற மாதிரிப் படிப்பு.

"ரோலிங்" என்றார் டைரக்டர் குணசேகர். தோல் செருப்பு. அதிர்ந்து பேசாதவர்.

"பறவை. குழந்தாய், மறுபடியும் வந்துவிட்டாயா, கேள்விக்குறி" என்றார் பாலகுமார்.

"வந்துட்டேன்" என்ற வைஷ்ணவி, கொஞ்சம் நிறுத்தி, வசனத்தில் இல்லாததைச் சொன்னாள். "நீ ஏன் அழறே?"

தமயந்தி பந்தைப் பார்த்தாள். ஈரப் பந்திலிருந்து துணி வழியாகச் சிவப்புத் தண்ணீர் சொட்டுச் சொட்டாக இறங்கி, குச்சி வழியாக அவளுடைய பச்சைக் கையுறைக்கு வந்து, முழங்கை வரைக்கும் கோடாக ஓடியிருந்தது.

"கட்! ஐயோ, அக்காவுக்கு ரத்தம்!" என்று கத்தினார் பாலகுமார்.

"இல்ல தம்பி... அது வந்து..."

"பேசாதீங்க, மயக்கம் வரும்! ஃபர்ஸ்ட் எய்ட், பேகா பேகா, சீக்கிரம்!"

மஞ்சளும் சோப்பும் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். வாய் வருவதற்குள் நாலு பேர் அவளைத் தாங்கி இறக்கி நாற்காலியில் உட்கார வைத்தார்கள். ஒருவர் வாயில் குளூக்கோஸைக் கொட்டினார். மேக்கப் பெண் காயத்தைத் தேடி, கிடைக்காமல், எதற்கும் இருக்கட்டும் என்று மணிக்கட்டிலிருந்து முழங்கை வரைக்கும் வெள்ளைக் கட்டுப் போட்டாள். வெள்ளையைக் கம்ப்யூட்டர் அழிக்காதே என்று ஒருவருக்கு ஞாபகம் வந்தது. அதன்மேல் பச்சை டேப் சுற்றினார்கள். கை வாழைத்தண்டு மாதிரி ஆனது, மணிக்கட்டு மடங்கவில்லை.

"டி.டி. ஊசி போடணும்" என்றார் பாலகுமார்.

"மத்தியானத்துக்கு மேல போட்டுக்கறேன் தம்பி" என்று அவருடைய நீல ஷூவிடம் கெஞ்சினாள் தமயந்தி.

இத்தனையும் நடக்கும்போது மூலையில் குடைக்கு அடியில் லேப்டாப்போடு உட்கார்ந்திருந்த மரியா மட்டும் எழுந்து வரவில்லை. கம்ப்யூட்டர் வேலை செய்கிற பெண், சிவப்புக் கான்வாஸ் ஷூ. அதிகம் பேசமாட்டாள். தமயந்தி பெட்டி ஏறிய இரண்டாம் நாள், முகத்தை மூடுகிற பச்சை வலை காணாமல் போனபோதுகூட, "விடுங்கக்கா, முகத்தை அப்புறம் அழிச்சுக்கலாம்" என்று அதோடு முடித்தவள். இப்போது தமயந்தியைப் பார்த்து ஏதோ தட்டிக்கொண்டிருந்தாள். கண்டுபிடித்துவிட்டாளோ?

முதலில் பந்து காய வேண்டும். எல்லாரும் டீ குடிக்கப் போன நேரத்தில் துணியை உருவிவிட்டு, மலைக்கு அடிக்கிற பெரிய மஞ்சள் லைட்டின் தலைமேல் பந்தை வைத்தாள். இரண்டு நிமிஷம் போதும் என்று கணக்கு. அந்த லைட்டுக்கு ஒரு நிமிஷமே போதுமாக இருந்தது.

ரப்பர் கருகுகிற நாற்றம் கிடங்கு முழுக்கப் பரவியது. "ஷார்ட் சர்க்யூட்!" என்று யாரோ கத்த, மெயினை அணைத்தார்கள். இருட்டில் தடவிப் பந்தை எடுத்தாள். ஒரு பக்கம் கருகி, ஒரு பக்கம் சிவந்து, சுருங்கி, பழைய அத்திப்பழம் போலிருந்தது. உடுப்புக்குள் போட்டுக்கொண்டாள். வயிற்றில் சுட்டது. பொறுத்துக்கொண்டாள்.

எலக்ட்ரீஷியன்கள் ஒயர் ஒயராக முகர்ந்து பார்த்தார்கள். ஒன்றும் அகப்படவில்லை. குணசேகர் கடிகாரத்தைப் பார்த்தார். "சரி, சாப்பாடு. ரெண்டு மணிக்கு நேரா கடைசி ஷாட். ஆறு மணிக்கு இடத்தைக் காலி பண்ணணும், நாளைக்கு மலையை உடைக்க ஆள் வர்றாங்க."

மலையை உடைக்கிறார்கள். தமயந்திக்குச் சோறு இறங்கவில்லை. பச்சை உடுப்போடு வாசலுக்கு ஓடினாள். தெருவெல்லாம் நேற்று உடைத்த பூசணிக்காய். பஸ்களின் முகத்தில் வாடிய மாலை. முனையில் ஒரு தள்ளுவண்டிக்காரர், "சீபே ஹண்ணு, சீபே ஹண்ணு" என்று கொய்யா விற்றுக்கொண்டிருந்தார். தமயந்தி வண்டி முன்னால் நின்றாள். உருண்டையாக, பச்சையாக, கைக்கு அடக்கமாக, ஒரு தழும்புகூட இல்லாமல் ஒன்று மேலேயே உட்கார்ந்திருந்தது. கடவுள் இருக்கிறார்.

தலை முதல் கால் வரை பச்சையாக ஓடி வந்து நின்ற பெண்மணியைப் பார்த்து வண்டிக்காரர் விலையே பேசவில்லை. கொய்யாவைக் கொடுத்துவிட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார்.

குச்சியில் கொய்யாவைச் செருகினாள். பழைய பந்தைவிடக் கச்சிதமாக இருந்தது. பெட்டிமேல் சாத்தி வைத்துவிட்டு, முகம் கழுவ ஐந்தே நிமிஷம் போனாள். திரும்பி வந்தபோது பெட்டியில் வைஷ்ணவி உட்கார்ந்திருந்தாள். பல் இல்லாத இடத்தைத் தவிர்த்து, ஓரப் பல்லால், மிக மும்முரமாக மென்றுகொண்டிருந்தாள்.

"பாப்பா... அது..."

"கண்ணு சூப்பரா இருக்கு ஆன்ட்டி. உப்பு மிளகாத்தூள் இருக்கா?"

காம்பு மட்டும் மிச்சம் இருந்தது. தமயந்தி பெட்டியோரம் உட்கார்ந்துவிட்டாள். கண்ணில் தண்ணீர் முட்டியது. வைஷ்ணவி மெல்வதை நிறுத்திவிட்டு அவள் முகத்தைக் குனிந்து பார்த்தாள்.

"வேற கண்ணு இல்லையா?"

"இல்லம்மா."

"பரவாயில்ல, நீ இரு" என்று சொல்லிவிட்டுத் தன் இடத்துக்குப் போய்விட்டாள்.

"பொசிஷன்!" என்றார் பாலகுமார். 'ன்' வரவில்லை. காலையிலிருந்து எலிக்கும் ரத்தத்துக்கும் ஷார்ட் சர்க்யூட்டுக்கும் கத்திய தொண்டை இரண்டு மணிக்குச் செத்துவிட்டது. வெறும் காற்று வந்தது. கையைக் காலை ஆட்டினார். குணசேகர் யோசித்தார். பாலகுமார் கையிலிருந்த காகிதத்தை வாங்கி, மடித்து, பெட்டிமேல் நின்ற தமயந்தியிடம் தானே ஏறிவந்து கொடுத்தார்.

"நீங்களே படிங்கம்மா. ஒரு வரிதான்."

"எனக்கு... ஏழாவதுதான் சார்."

"பறவை அதுகூடப் படிக்கலையே" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

விளக்குகள் எரிந்தன. மூடுபனி மலையடியிலிருந்து மெல்ல ஏறி வந்தது. ஒரு கையில் காகிதம். மறுகை, டேப் சுற்றிய கை, விறைப்பாகத் தானாகவே உயர்ந்து நின்றது. அதில் பந்து இல்லை. பந்து வயிற்றில் கருகிக் கிடந்தது. விரல்களை இறுக்கி மூடி, பச்சை முஷ்டியைக் கன்னத்துக்கு ஒரு ஜாண் தள்ளிப் பிடித்தாள். இப்போது கண்டுபிடிப்பார்கள். இதோ.

யாரும் எதுவும் சொல்லவில்லை. மலைச்சரிவில் தும்பி ஏறி வந்தாள். நின்றாள். நிமிர்ந்து பார்த்தாள்.

"இடி விழுந்தப்போ நீ எழுந்திருக்கலை. காடே எரிஞ்சப்போ எழுந்திருக்கலை. அம்பு பட்டப்பவும் எழுந்திருக்கலை. நீ ஏன் எழுந்திருக்கவே மாட்டேங்கறே?"

மணி அடிக்கவில்லை. தமயந்தி காகிதத்தைப் பிரித்தாள். ஒரே வரி. முப்பத்தெட்டு வருஷமாக யாராவது சொல்லக் காத்திருந்த வரியை அவள் ஒரு முறை மனசுக்குள் படித்தாள். தலை தானாகக் குனிந்தது. பாப்பாவின் சின்னப் பாதங்களைப் பார்த்தாள். அந்தப் பாதங்களுக்குக் கீழே இருந்த பாறையைப் பார்த்தாள். பிறகு மெல்ல நிமிர்ந்து, யாருக்காகவும் இல்லாமல், அந்தக் குழந்தைக்காக மட்டும் சொன்னாள்.

"தும்பி, நீ ஏறி வந்தது மலை இல்லை. என் முட்டை."

கிடங்கில் ஒரு செருப்புகூட அசையவில்லை. தும்பியின் வாய் மெதுவாகத் திறந்தது. அப்போது அவர்கள் இருவருக்கும் நடுவில், பாசி படர்ந்த பாறையில் முடி அளவுக்கு ஒரு விரிசல் ஓடியது. உள்ளேயிருந்து வெளிச்சம் வந்தது. பாலில் மஞ்சள் கலந்த மாதிரி ஒரு வெளிச்சம். விரிசல் அகலமானது. உள்ளே ஏதோ ஒன்று ஒரு தடவை தட்டியது.

விளக்கும் மோட்டாரும்தான். அவளுக்குத் தெரியும். ஆனாலும் தமயந்தி மூச்சு விடவில்லை. அப்படியானால் இடியும் தீயும் அம்பும்... அதனால்தான். இரண்டு மாதமாக அவள் தினம் காலை கூட்டிப் பெருக்கியதும், செருப்பைக் கழற்றிவிட்டு நடந்ததும் ஒரு முட்டையின் அடியில். அவள் கன்னத்தில் கண்ணீர் இறங்கியது. எதிரே தும்பியின் கன்னத்திலும் அதே நேரத்தில் இறங்கியது.

"கட்" என்றார் குணசேகர். ரொம்ப நேரம் கழித்துத்தான் சொன்னார். அவர் குரலும் சரியில்லை. "ஓகே. ஒரே டேக். படம் முடிஞ்சுது."

கை தட்டினார்கள். விசிலடித்தார்கள். எத்திராஜ் கற்பூரம் ஏற்றிப் பூசணிக்காயை வாசலில் போட்டு உடைத்தார். பாலகுமார் சத்தமில்லாமல் எல்லாரையும் கட்டிப் பிடித்தார். வைஷ்ணவி முட்டையின் விரிசலுக்குள் கையை விட்டு, அம்மாவிடம் அடி வாங்கினாள்.

"தமயந்தியக்கா" என்று மூலையிலிருந்து குரல் வந்தது. சிவப்புக் கான்வாஸ். "இங்க கொஞ்சம் வாங்க."

போனாள். கேட்பதற்கு முன்னால் உடுப்புக்குள்ளிருந்து கருகிய பந்தை எடுத்து மேஜைமேல் வைத்தாள்.

"நான்தான்மா. பூஜைக்கு மஞ்சள் வச்சேன். சோப்புப் போட்டுச் சிவந்துபோச்சு. வானத்தை வெட்டினது எலி இல்ல, நான். ரத்தமும் இல்ல. நாத்தமும் நான்தான். அப்புறம் கொய்யா வச்சேன், பாப்பா தின்னுடுச்சு. கடைசி ஷாட்ல கண்ணே இல்ல, வெறும் கை. பறவையே பாழாப் போச்சு. என்ன சொல்றதா இருந்தாலும் சொல்லிடு."

மரியா பந்தைப் பார்த்தாள். சிரிப்பை அடக்க உதட்டைக் கடித்துக்கொண்டாள். லேப்டாப்பை அவள் பக்கம் திருப்பினாள்.

திரையில் மலையும் தும்பியும் இருந்தார்கள். போன மாதம் எடுத்த காட்சி. பெட்டி இல்லை, பச்சை உடுப்பு இல்லை. அந்த இடத்தில் பறவை உட்கார்ந்திருந்தது. இன்னும் நிறம் ஏற்றவில்லை. சாம்பலாக, பாதிச் சிறகோடு இருந்தது. ஆனால் மேகம் அதன் தோளில் உரசிக்கொண்டு போனது. தமயந்தி கையைக் கூப்பிவிட்டாள்.

தும்பி ஏதோ கேட்டாள். பறவை உடனே பதில் சொல்லவில்லை. அவ்வளவு பெரிய தலையை வெட்கத்தோடு குனிந்து, சின்னப் பெண்ணின் பாதத்தைப் பார்த்தது. இரண்டு தரம் கண்ணைச் சிமிட்டியது. பிறகு தயங்கித் தயங்கி நிமிர்ந்து, அவள் கண்ணை நேராகப் பார்த்தது. தும்பியும் அந்தக் கண்களையே பார்த்தாள். இம்மிகூட விலகாமல் பார்த்தாள்.

தமயந்தி திரைக்குக் கிட்டே போனாள். இந்தப் பறவையை எங்கேயோ பார்த்திருக்கிறோமே.

"இவ்வளவு பெரிய பறவை ஏம்மா பாப்பா காலையே பார்க்குது? அப்போ பந்து... பந்து எங்க?"

"பாப்பா பந்தைப் பார்க்கலை, உங்க முகத்தைப் பார்த்துதான் பேசுதுன்னு ரெண்டாம் நாளே தெரிஞ்சுபோச்சுக்கா" என்றாள் மரியா. "பறவைக்கும் உங்க பார்வையைத்தான் வச்சோம். அதுக்கப்புறம் அந்தப் பந்து, நீங்க தலை நிமிரணுமேன்னு கையில கொடுத்து வச்சது."